ஹிரோஷிமாவில் காதல் கதைக்கு என்ன வேலை?

அணுகுண்டு விழுந்த ஊரில் போய்க் காதல் கதை சொல்வது செத்தவர்களைச் சிறுமைப்படுத்துவதாகாதா? பிரெஞ்சு இயக்குநர் அலன் ரெனேயின் ‘ஹிரோஷிமா மொன் அமூர்’ (1959) படத்தைப் பார்த்தவர்கள் பலரும் கேட்கும் கேள்வி இது. 4கே தரத்தில் மீட்டெடுத்த பிரதியைக் குன்னூரில் நண்பர் வீட்டில் போட்டபோது, ஓய்வுபெற்று பக்கத்து ராணுவ ஊரான வெலிங்டனில் இருக்கும் சுபேதார் சாரும் இதையே கேட்டார்.

எனக்கு உடன்பாடில்லை. அந்தக் கேள்வியைப் படமே முதலில் கேட்டுவிடுகிறது. சமாதானத்தைப் பற்றிய படத்தில் நடிக்க வந்த பிரெஞ்சு நடிகை, அருங்காட்சியகத்தைப் பார்த்தேன், மருத்துவமனையைப் பார்த்தேன் என்று அடுக்கிக்கொண்டே போகிறாள். ஜப்பானியக் காதலன் விடாமல் மறுக்கிறான்: நீ ஹிரோஷிமாவில் எதையும் பார்க்கவில்லை. (காதலனாக நடித்த எய்ஜி ஒகாதாவுக்கு பிரெஞ்சு தெரியாது, ஒலியை மனப்பாடம் செய்தே பேசியிருக்கிறார்.) 1945 முடிவதற்குள் சுமார் 1,40,000 உயிர்களைக் குடித்த குண்டு அது. ரெனேயிடம் முதலில் கேட்டது ஆவணப்படம்தான். அதைக் கைவிட்டு நாவலாசிரியை மார்கெரித் துராஸை எழுதச் சொன்னாரே, அங்கேதான் படம் பிழைத்தது.

அந்த நடிகைக்குத் தெரிந்த போர் வேறு. பிரான்ஸ் ஜெர்மானியர் பிடியில் இருந்தபோது, நெவேர் என்ற ஊரில் ஜெர்மானியச் சிப்பாயைக் காதலித்தவள். விடுதலை வரும் நேரத்தில் அவன் சுடப்பட்டுச் சாகிறான். ஊரார் இவள் தலையை மழிக்கிறார்கள். வீட்டார் நிலவறையில் அடைக்கிறார்கள். பிரான்சில் அப்போது சுமார் 20,000 பெண்களுக்கு இந்தக் கதி நேர்ந்ததாக வரலாற்றாய்வாளர்கள் கணக்கிடுகிறார்கள். சுதந்திரம் வந்த கையோடு கத்தரிக்கோலைத் தேடிய வீரர்கள்! எங்கள் பக்கத்தில் போர் என்றால் அணிவகுப்பு, அருவங்காட்டு வெடிமருந்துத் தொழிற்சாலை, பென்ஷன், கேன்டீன் அட்டை. இப்படிப்பட்ட பெண்ணுக்கு அந்தப் பட்டியலில் இடமே கிடையாது.

தொடக்கத்தில் தழுவிக் கிடக்கும் தோள்களின் மேல் சாம்பல் பொடி மின்னுகிறது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது வியர்வையாகிவிடுகிறது. பழைய மங்கலான பிரதியில் எனக்கு இரண்டும் ஒரே சாம்பல் நிறமாகத்தான் தெரிந்தன. பிறகு அந்தக் காலைக் காட்சி. காபிக் கோப்பையுடன் நின்று, தூங்குகிறவனைப் பார்க்கிறாள். அவன் விரல்கள் லேசாகத் துடிக்கின்றன. சட்டென்று வேறொரு கை: சாகும் சிப்பாயின் கை. உடனே மறைந்தும் விடுகிறது. விளக்கம் எதுவும் கிடையாது.

“தம்பி, அதைத் திரும்பப் போடுங்கள்” என்றார் சுபேதார் சார். போட்டோம்.

பிற்பகுதியில் இரவு முழுக்க நடந்துகொண்டே இருப்பது எனக்கும் நீளம்தான், அவர் தூங்கிவிட்டார். முடிந்ததும், “எதிரியைக் காதலித்தது தப்புதான்” என்றார். அதற்காகத் தலையை மழிப்பதா என்று கேட்டேன்.

“அதைச் செய்தது ராணுவம் இல்லையே தம்பி, ஊர்க்காரர்கள்” என்றார்.