கப்பலுக்காக மாறியவர்களும் காலண்டரை விடாதவர்களும்

ஜப்பான் கிறிஸ்தவம் பற்றிப் பேச்சு வந்தால் இரண்டே வரியில் முடித்துவிடுகிறார்கள். ஒரு தரப்பு, "வியாபாரத்துக்காக மாறினார்கள், அடி விழுந்ததும் விட்டுவிட்டார்கள்" என்கிறது. இன்னொரு தரப்பு, "வேதசாட்சிகளின் ரத்தத்தில் வளர்ந்த சபை" என்கிறது. எனக்கு இரண்டிலும் உடன்பாடு இல்லை.

முதல் தரப்பு சொல்வதில் பாதி உண்மை. அதை மறைக்க வேண்டியதில்லை. 1549 ஆகஸ்ட் 15 அன்று ஜப்பானின் ககோஷிமாவில் இறங்கிய பிரான்சிஸ் சவேரியார், அதற்குச் சில ஆண்டுகள் முன்புதான் நம் முத்துக்குளித்துறையில் ஊர் ஊராகப் போய்ப் பரதவர்களுக்குத் தமிழில் ஜெபம் சொல்லிக்கொடுத்தவர். இங்கே பரதவர்களுக்குப் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பு வேண்டியிருந்தது. அங்கே ஜப்பானின் தெற்குத் தீவான கியூஷுவின் சிற்றரசர்களுக்குச் சீனப் பட்டு கொண்டுவரும் போர்த்துக்கீசியக் கப்பல் வேண்டியிருந்தது. அவர்களில் ஒருவரான ஒமுரா சுமிதாதா 1563-ல் ஞானஸ்நானம் வாங்கினார். பிறகு தன் ஆளுகையில் இருந்த பௌத்த, ஷிந்தோ கோயில்களை இடிக்கவைத்தார், குடிமக்களைக் கூட்டம் கூட்டமாக மாறவைத்தார். 1580-ல் நாகசாகியையே யேசு சபையிடம் ஒப்படைத்தார். இதையெல்லாம் 'ஆன்மிக எழுச்சி' என்று யாராவது எழுதினால் எனக்குச் சிரிப்புதான் வருகிறது.

ஆனால் கதை அங்கே முடியவில்லையே.

1587-ல் ஜப்பானை ஆண்ட ஹிதேயோஷி பாதிரியார்களை வெளியேறச் சொன்னார். 1597-ல் நாகசாகியில் 26 பேரைச் சிலுவையில் ஏற்றிக் கொன்றார்கள் (அதில் ஒருவர், கொன்சாலோ கார்சியா, மும்பைக்குப் பக்கத்து வசாயில் பிறந்தவர்). 1614-ல் அடுத்து வந்த தொக்குகவா அரசு நாடு முழுக்கக் கிறிஸ்தவத்துக்குத் தடை போட்டது. காற்று திசை மாறியதும் சுமிதாதாவின் சொந்த மகனே மதத்தை விட்டுவிட்டு, பாதிரியார்களைத் துரத்தினார். பெரிய இடத்து ஆட்கள் பலரும் அப்படித்தான். சாதாரண ஜனத்திலும் பெரும்பாலோர் விட்டார்கள். விடாமல் பிடித்துக்கொண்டது யாரென்று பார்த்தால், யாரிடம் சம்மதமே கேட்காமல் தலையில் தண்ணீர் ஊற்றினார்களோ, அந்தக் குடியானவர்களிலும் மீனவர்களிலும் ஒரு பகுதி.

எப்படிப் பிடித்துக்கொண்டார்கள் என்பதுதான் என்னை அசத்துகிற விஷயம். பாதிரியார் கிடையாது, கோயில் கிடையாது, பூசை கிடையாது. ஊருக்குள் வேலையைப் பிரித்துக்கொண்டார்கள். சோகாதா என்பவரிடம் காலண்டர். எது திருநாள், எந்த நாளில் வயலில் இறங்கக் கூடாது என்று கணக்குப் போட்டுச் சொல்வது அவர் பொறுப்பு. குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுப்பவர் மிசுகாதா. செய்தியை வீடுவீடாகக் கொண்டுபோக இன்னொருவர். நம் ஊரில் உபதேசியார் செய்கிற வேலையை மூன்றாகப் பிரித்த மாதிரி. எல்லாக் குடும்பமும் ஏதாவதொரு பௌத்த விகாரையில் பதிவு செய்தாக வேண்டும் என்பது சட்டம். சாவு விழுந்தால் பிக்கு வந்து சூத்திரம் ஓதுவார். அதே நேரத்தில் அதன் பலனைக் கழிக்க இவர்கள் மறைவாக ஒரு ஜெபம் சொல்வார்கள். நாகசாகியில் வருடா வருடம் புத்தாண்டையொட்டி தான் கிறிஸ்தவர் இல்லை என்று நிரூபிக்க இயேசு, மாதா உருவத்தை மிதித்துக் காட்ட வேண்டும். மிதிப்பார்கள். வீட்டுக்கு வந்து, செய்த பாவத்துக்கு வருந்தும் மனஸ்தாப ஜெபம் சொல்வார்கள். அடுத்த வருடமும் மிதிப்பார்கள்.

இரண்டாவது தரப்போடு எனக்குச் சண்டை இங்கேதான். மிதிக்க மறுத்துச் செத்தவர்களுக்குப் பீடமும் திருவிழாவும் இருக்கிறது, இருக்கட்டும். ஆனால் இருநூற்றைம்பது வருடம் விசுவாசத்தைச் சுமந்து கரை சேர்த்தது மிதித்தவர்கள்தான். அவர்களைப் 'பலவீனமானவர்கள்' என்று பிரசங்கத்தில் ஓரங்கட்டுவது அநியாயம்.

1865 மார்ச் 17. நாகசாகியில் வெளிநாட்டவருக்காகக் கட்டிய ஓஉரா கோயிலுக்குப் பக்கத்து உராகமி கிராமத்து ஆட்கள் சிலர் வருகிறார்கள். பிரெஞ்சுப் பாதிரியார் பெத்திழானிடம் ஒரு பெண்மணி, தங்கள் மனசும் அவர் மனசும் ஒன்றுதான் என்கிறார். சாந்தா மரியா, அதாவது மாதா சிலை எங்கே என்று கேட்கிறார். தாங்கள் துக்க காலம் அனுசரிப்பதாகவும் சொல்கிறார்கள். அது ஈஸ்டருக்கு முந்தைய தவக்காலம்! இத்தனை தலைமுறை கழித்தும் அந்தக் காலண்டர் பிசகவில்லை.

தடை அப்போதும் நீங்கியிருக்கவில்லை. அடையாளம் தெரிந்துபோனதால் உராகமியில் 3,000-க்கும் மேற்பட்டோரை நாடு கடத்துவதுபோல மாகாணம் மாகாணமாகப் பிரித்து அனுப்பினார்கள். 600-க்கும் மேற்பட்டோர் அங்கேயே இறந்தார்கள். 1873-ல்தான் தடை விலகியது. பிழைத்தவர்கள் திரும்பிவந்து கட்டிய பேராலயத்துக்கு வெறும் அரைக் கிலோமீட்டர் தள்ளித்தான் 1945-ல் அணுகுண்டு வெடித்தது.

தொக்குகவா ஆட்சி போன பிறகு, மெய்ஜி மன்னர் காலத்தில் வந்த புரொட்டஸ்டண்ட் அலை வேறு மாதிரி: படித்த சாமுராய் வீட்டுப் பிள்ளைகள், கியோத்தோவில் நீஜிமா ஜோ தொடங்கிய தோஷிஷா பள்ளி, சபையே வேண்டாம் என்ற உச்சிமுரா கான்சோ. அது தனிப் பதிவுக்கான சமாச்சாரம்.

இன்றைக்கு ஜப்பானில் கிறிஸ்தவர்கள் மொத்தமும் சுமார் ஒரு சதவீதம்தான். அதைக் காட்டித் "தோல்வி" என்பவர்களோடு நான் வாதாடப் போவதில்லை. தடை நீங்கிய பிறகும் சபைக்குத் திரும்பாமல், எங்கள் முன்னோர் வழியே போதும் என்று இருந்துவிட்டவர்களைப் பற்றித்தான் எனக்குக் கவலை. நாகசாகி மாகாணத்து இகித்சுகி தீவில் இன்னமும் சிலர் 'ஓரஷோ' ஓதுகிறார்கள். லத்தீனும் போர்த்துக்கீசியமும் உருத்தெரியாமல் திரிந்துபோன ஜெபம். இது கிறிஸ்தவமே இல்லை, முன்னோர் வழிபாடு என்று ஆய்வாளர்களில் ஒரு சாரார் சொல்கிறார்கள். பாதிரியார் இல்லாத காலத்தில் காப்பாற்றியபோது 'விசுவாசம்', பாதிரியார் வந்த பிறகும் அதையே தொடர்ந்தால் 'வழிதவறல்' என்றால் அது என்ன நியாயம்? கொள்ளுத்தாத்தா ஏன் மாறினார் என்பதைப் பேரனிடம் கேட்டு அவனை எடைபோடுபவர்களும், பேரன் ஏன் திரும்பவில்லை என்று கேட்பவர்களும் என் கண்ணுக்கு ஒரே கட்சிதான்.