மருந்தடித்து மருந்தடித்து எறும்பு வளர்க்கிறார்கள்

பனிக்காலம் முடிந்து நாலு மழை பெய்தால் போதும், இங்கே அமெரிக்காவின் இண்டியானாவில் எங்கள் சிங்க்குக்குப் பின்னாலிருந்து எறும்பு வரிசை கிளம்பிவிடும். கருப்பும் பழுப்புமாக, ஒவ்வொன்றும் 3 மில்லிமீட்டர் இருந்தால் அதிகம். கொட்டாது. ஆனால் தேன் பாட்டில் மூடிக்கடியில், டோஸ்டருக்குள், எங்கே பார்த்தாலும் அதுதான்.

அபார்ட்மெண்ட் ஆபீஸில் சொன்னால் வரும் பதில்தான் எரிச்சலைக் கிளப்புகிறது. "நீங்கள் நிறைய சமைக்கிறீர்களே, அதனால்தான்." ஏம்மா, பக்கத்து வீட்டுப் பெரியவர் காபிக்குக்கூடச் சர்க்கரை போடாதவர், அவர் வீட்டிலும் இதே வரிசை போகிறதே, அதுவும் என் சாம்பார் செய்த வேலையா?

இது நம்மோடு பெட்டியில் வந்த எறும்பு இல்லை, இந்த மண்ணின் எறும்பு. பெயர் டாபினோமா செசைல். இதே இண்டியானாவின் நியூ ஹார்மனியில் வாழ்ந்த பூச்சியியலாளர் தாமஸ் சே இதைப் பற்றி எழுதிவைத்த குறிப்பு, அவர் இறந்த பிறகு 1836இல் அச்சானது. சந்தேகம் இருந்தால் ஒன்றைப் பிடித்து நசுக்கி முகர்ந்து பாருங்கள், அழுகின தேங்காய் வாடை குப்பென்று அடிக்கும். 2015இல் வந்த ஒரு ஆய்வில், நீலப் பூஞ்சை சீஸில் உள்ள மெத்தில் கீட்டோன்கள் என்ற அதே வாடை வேதிப்பொருள்கள்தான் இதிலும் இருக்கின்றன என்று கண்டுபிடித்தார்கள். ஒரு தேங்காயை மண்ணில் புதைத்து அழுகவிட்டும் பார்த்தார்களாம், அதிலும் பூஞ்சை பிடித்து அதே வாடை. தேங்காய் மூடியை ஃப்ரிட்ஜில் போட்டு மறந்துபோன யாரைக் கேட்டிருந்தாலும் சொல்லியிருப்பார்கள்!

காட்டில் இது பரமசாது. ஒரு ராணி, கொஞ்சம் வேலைக்காரிகள், கீழே விழுந்த ஓக் கொட்டைக்குள் மொத்தக் குடும்பமும் அடங்கிவிடும். ஊருக்குள் வந்தால் கதையே வேறு. பர்டூ பல்கலைக்கழகத்தில் ஆராய்ந்தவர்கள் சொல்வது இதுதான்: நகரத்தில் இதே இனம் ஒரே கூட்டத்தில் ஏராளமான ராணிகளை வைத்துக்கொண்டு, பல கூடுகளாகப் பிரிந்து, கூட்டுக்குக் கூடு போக்குவரத்து வைத்துப் பெருகுகிறது.

சரி, அப்படிப்பட்ட எறும்புக்கு அபார்ட்மெண்ட்காரர்கள் செய்யும் வைத்தியம் என்ன தெரியுமா? சுவரோரமாக ஸ்பிரே. அவ்வளவுதான். வெளியே இரை தேடும் எறும்புகள் சாகின்றன, முட்டை போடும் ராணிகள் சுவருக்குள் சௌக்கியமாக இருக்கிறார்கள், ஒரு இடம் சரிப்படாவிட்டால் புழுக்களையும் கூட்டுப்புழுக்களையும் வாயில் கவ்விக்கொண்டு மொத்தக் கூட்டமும் அடுத்த சந்துக்குக் குடிபோய்விடுகிறது. போன தடவை அடித்ததும் சிங்க்கில் இருந்தது குளியலறைக்குப் போனது, அதைக் காட்டி "பாருங்கள், சமையலறை சுத்தம்" என்கிறார் வந்தவர்.

சர்க்கரைப் பாகில் கொஞ்சமாகப் போராக்ஸ் (வெண்காரம்) கலந்து வரிசையோரம் வைத்தால் எறும்பே தூக்கிப்போய் உள்ளே இருக்கும் ராணிகளுக்கு ஊட்டும். போராக்ஸ் கூடினால் உள்ளே போய்ச் சேரும் முன்பே வழியில் செத்துவிடும், அதனால் குறைவாகத்தான். பொறுமை வேண்டும், முதல் இரண்டு நாள் கூட்டம் இன்னும் கூடும், பயந்து துடைத்துவிடக் கூடாது. நானும் வைத்தேன். நன்றாக மொய்த்தது. அன்று மத்தியானமே நான் வேலைக்குப் போயிருந்த நேரத்தில் சாவி போட்டுத் திறந்து அதன் மேலேயே ஸ்பிரே அடித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். அடுத்த வாரமும் வருகிறார்களாம், கதவில் நோட்டீஸ் ஒட்டியிருக்கிறது. என் வீட்டுக்கு வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால், ஒப்பந்தத்தில் அதற்கு இடமில்லையாம்.