பாதி க்ஷமா சாவந்த் போதுமா உங்களுக்கு?

நேற்று நம் வாட்ஸ்அப் குழுவில் சுற்றிய அவருடைய படத்தைப் பற்றித்தான். "சியாட்டிலைக் கலக்கிய தமிழச்சி!" புனேயில் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தது, மும்பையில் படித்தது, அமெரிக்காவில் பொருளாதாரத்தில் முனைவர் பட்டம் வாங்கியது எல்லாம் இருந்தது. 2023-இல் சாதிப் பாகுபாட்டுக்கு எதிராக அவர் கொண்டுவந்த சட்டம் மட்டும் இல்லை. "சாதிச் சட்டத்தை ஏன் விட்டீர்கள்?" என்று கேட்ட தம்பியை நீக்கிவிட்டார்கள். குழுவில் அரசியல் கூடாதாம்! சோஷலிஸ்ட் என்று சொல்லியே வாக்குக் கேட்டு அமெரிக்காவின் சியாட்டில் நகர மன்றத்துக்குப் போனவரின் படத்தைப் போட்டுவிட்டு, அரசியல் கூடாதாம்.

அரசியலை எடுத்துவிட்டால் அவரிடம் நீங்கள் கொண்டாட என்ன மிச்சம்? பட்டம் வாங்கியவர்கள் அங்கே ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். இவர் கல்லூரி ஆசிரியர் சங்கத்தில் இருந்தவர். 2013-இல், நான்கு முறை வென்றிருந்த ரிச்சர்ட் கான்லினைத் தோற்கடித்தார். அடுத்த ஜூனிலேயே மணிக்கு 15 டாலர் குறைந்தபட்சக் கூலிக்கான சட்டம் நிறைவேறியது. அப்போது மாநிலம் நிர்ணயித்திருந்த கூலி 9.32 டாலர். சம்பளத்தில் ஆண்டுக்கு 40,000 டாலரை மட்டும் எடுத்துக்கொண்டு, மீதியைப் போராட்டங்களுக்குக் கொடுத்தார்.

சிறு கடைகள் நசிந்துபோகும் என்பீர்கள். கடைக்காரரின் கவலை எனக்கும் புரிகிறது. அதனால்தான் அவர்களுக்குப் பல ஆண்டு அவகாசம் கொடுத்தார்கள். யாரோடும் ஒத்துப்போக மாட்டார் என்பீர்கள். ஆமாம், மாட்டார். 2021-இல் அவரைப் பதவியிலிருந்து இறக்க வாக்கெடுப்பே நடந்தது. முந்நூற்றுச் சொச்சம் வாக்குகளில் தப்பினார்.

"அமெரிக்காவில் ஏது சாதி?" என்று கேட்கும் அண்ணன்மார்களுக்கு ஒன்று சொல்கிறேன். படிக்கும் காலத்தில் அங்கே நம் ஊர்க்காரர் ஒருவரின் உணவகத்தில் பாத்திரம் கழுவினேன். பெயர் கேட்டார், ஊர் கேட்டார், பிறகு ஊரில் எந்தத் தெரு என்று கேட்டார். சொன்னேன். சீக்கிரமே பரிமாறும் வேலைக்கு மாற்றுவதாகச் சொல்லியிருந்தவர், அதன்பின் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. என்ன சட்டத்தைக் காட்டி நான் கேட்டிருப்பேன்?

2023 பிப்ரவரி 21 அன்று 6-க்கு 1 என்ற கணக்கில் சியாட்டில் சாதிப் பாகுபாட்டைத் தடை செய்தது. அமெரிக்க நகரங்களில் அதுதான் முதல். கொண்டுவந்தவர் பிராமணக் குடும்பத்தில் பிறந்த இதே க்ஷமா. இந்துக்களைக் குறிவைக்கிறார் என்று அப்போது எவ்வளவு கூச்சல்! சாதி பார்த்து வேலையும் வீடும் மறுக்காதே என்கிறது சட்டம். நீங்கள்தான் சாதியே பார்ப்பதில்லையே, உங்களுக்கு ஏன் வலிக்கிறது?

நேற்று குழுவில் இந்த உணவகக் கதையைச் சொன்னதற்கு, "தெரு கேட்பது சும்மா பழக்கதோஷம் தம்பி" என்று ஒரு பெரியவர் தனியாக எழுதியிருக்கிறார். அவருக்குப் பதில் எழுதும் மனநிலையில் நான் இல்லை.