ஜாடி வரைந்தால் என்ன குற்றம்?

சோவியத் காலத்தில் அரசு சொன்னபடி வரைய மறுத்த ஓவியர்களைப் பற்றிப் பேச்செடுத்தால் நம் நண்பர்கள் சட்டென்று இரண்டு கட்சியாகப் பிரிந்துவிடுகிறார்கள். ஒரு கட்சிக்கு அவர்கள் கம்யூனிசத்தை எதிர்த்து நின்ற மாவீரர்கள். இன்னொரு கட்சிக்கு வெளிநாட்டுத் தூதரகங்களின் தயவில் பிழைத்த ஆசாமிகள். சமீபத்தில் ஒரு நண்பரின் பதிவுக்குக் கீழே இந்தச் சண்டை நாள் கணக்கில் ஓடியது. யாரும் ஒரு படத்தைப் பற்றிக்கூட வாய் திறக்கவில்லை. அங்கே சொல்ல நினைத்ததை இங்கே கொஞ்சம் நீளமாகவே எழுதிவிடுகிறேன்.

திமித்ரி கிராஸ்னோபெவ்த்சேவ் என்றொரு ஓவியர். 1925-இல் பிறந்து 1995-இல் இறந்த மாஸ்கோக்காரர். அவர் வரைந்ததெல்லாம் ஜாடி, குடுவை, கல், சங்கு, காய்ந்த சுள்ளி. சாம்பலும் பழுப்புமாக நிறங்கள். படத்தில் மனிதர் கிடையாது. ஜாடியின் வாய் உடைந்திருந்தால் அந்த விளிம்பு கையைக் கீறிவிடும் போல இருக்கும், அவ்வளவு துல்லியம். லெனின் இல்லை, செங்கொடி இல்லை, சிறைச்சாலை இல்லை, கிண்டல்கூட இல்லை. பிழைப்புக்கு இருபது வருடம் போல சினிமா போஸ்டர் வேலை பார்த்தார். வீட்டுக்கு வந்து ஜாடி வரைந்தார். இவரும் 'ஒத்துப்போகாத ஓவியர்' பட்டியலில்தான் இருக்கிறார்.

விளாதிமிர் யாகவ்லெவ் இன்னொருவர். பார்வை ஏறக்குறைய போய்விட்டது. காகிதத்தில் மூக்கு உரசும்படி குனிந்துகொண்டு பூ வரைவார். பெரும்பாலும் ஒற்றைப் பூ, ஒற்றைத் தண்டு. பல வருடங்கள் மனநல விடுதிகளில் கழித்தவர். இந்தப் பூக்களும் அரசுக்கு ஆகாத கலைதான்.

ஒரு வல்லரசுக்கு ஜாடியும் பூவும் என்ன கெடுதல் செய்துவிடும்? வீரர்களா, கைக்கூலிகளா என்று அடித்துக்கொள்கிற இரண்டு தரப்புமே இந்தக் கேள்விக்குப் பதில் வைத்திருக்கவில்லை. என்னைக் கேட்டால், படத்தில் என்ன இருக்கிறது என்பது அரசுக்குப் பெரிய கவலையாக இருக்கவில்லை. தன்னைக் கேட்காமல் ஒருவன் உட்கார்ந்து வரைகிறானே என்பதுதான் அதைக் குடைந்தது.

இது எப்படி நடந்தது என்று பார்த்தால் புரியும். 1932-இல் கட்சியின் மத்தியக் குழு ஒரு தீர்மானம் போட்டு, அதுவரை இருந்த எழுத்தாளர், கலைஞர் குழுக்களையெல்லாம் கலைத்துவிட்டது. புரட்சிக்குப் பிறகான பத்துப் பதினைந்து வருடங்களில் மாலெவிச், தாத்லின், ரோத்சென்கோ என்று உலகமே திரும்பிப் பார்த்த ஓவியர்கள் இருந்த நாடு அது. 1934-இல் எழுத்தாளர் மாநாட்டில் சோசலிச யதார்த்தவாதம்தான், அதாவது கட்சியின் கொள்கை விளங்கும்படி வாழ்க்கையைக் காட்டுகிற பாணிதான், ஒரே வழி என்று அறிவித்தார்கள். அப்புறம் ஓவியர் சங்கம். சங்கத்தில் உறுப்பினர் என்றால் ஸ்டூடியோ கிடைக்கும், நல்ல வண்ணமும் கேன்வாஸும் கிடைக்கும், அரசின் ஆர்டர் வரும், கண்காட்சியில் சுவர் கிடைக்கும். சங்கத்துக்கு வெளியே இருப்பவன் ஓவியனே கிடையாது. கையில் ஏதாவது ஒரு வேலைச் சான்று இல்லாவிட்டால் சட்டப்படி அவன் 'ஒட்டுண்ணி'. கவிஞர் பிராட்ஸ்கியை 1964-இல் இந்தப் பிரிவில்தான் நாட்டின் வடகோடிக்கு அனுப்பித் தண்டித்தார்கள். அதனால் ஓவியர்கள் வாட்ச்மேன் வேலைக்குப் போனார்கள், பாய்லர் அறையில் கரி தள்ளினார்கள்.

இன்னும் சிலருக்குக் குழந்தைப் புத்தகம் கைகொடுத்தது. இங்கே நமக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. மாஸ்கோவில் அச்சாகி நியூ செஞ்சுரி புத்தகக் கடைக்கு வந்த வழவழ தாள் புத்தகங்களைப் பார்த்து வளர்ந்த தலைமுறை நாம். அந்தப் படங்களின் தரம் எங்கிருந்து வந்தது என்று நாம் யோசித்ததே இல்லை. மற்ற துறைகளைவிடக் குழந்தைப் புத்தகத்தில் கெடுபிடி கொஞ்சம் குறைவு. ஆகவே சொந்தப் படங்களைக் காட்ட வழியில்லாத முதல்தர ஓவியர்கள் பலர் அங்கே ஒதுங்கினார்கள். இல்யா கபகோவ், விக்தர் பிவவாரவ், எரிக் புலாதோவ், ஒலெக் வசிலியேவ் எல்லோருக்கும் அடுப்பு எரிந்தது குழந்தைப் புத்தகத்தில்தான். நம் கைக்கு வந்த ஏதாவது ஒரு புத்தகத்தில் இவர்கள் கைவண்ணம் இருந்ததா என்று தேட எனக்கு ரொம்ப நாளாக ஆசை.

புலாதோவும் வசிலியேவும் சேர்ந்தே வேலை செய்தார்கள். வருடத்தில் பாதி சிண்ட்ரெல்லா மாதிரிக் கதைகளுக்குப் படம், மீதிப் பாதி அவரவர் ஓவியம். பாதி வருட உழைப்பை அரசுக்குக் கொடுத்து மீதி வருடத்தை விலைக்கு வாங்கிக்கொண்டார்கள். இதைச் சமரசம் என்று ஏளனம் செய்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்தப் புத்தகங்களிலும் அவர்கள் கை சோடை போகவில்லையே.

அந்த மீதிப் பாதி வருடங்களில் வந்த ஒரு படம் புலாதோவின் 'தொடுவானம்' (1971-72). கடற்கரை. நல்ல உடுப்புப் போட்ட ஒரு சின்னக் கூட்டம், நமக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கடலை நோக்கி நடக்கிறது. விடுமுறைத் தபால் அட்டை ஒன்றைப் பார்த்து வரைந்தது. எல்லாம் புகைப்படம் மாதிரி சுத்தமாக இருக்கிறது, ஒன்றைத் தவிர. வானமும் கடலும் சேர வேண்டிய இடத்தில், படத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஒரு சிவப்புப் பட்டை, அதில் தங்க நிறக் கோடுகள். லெனின் பதக்கத்தின் ரிப்பன் அது. கொஞ்ச நேரம் பார்த்தால் அதுவே விரித்துப் போட்ட சிவப்புக் கம்பளமாகவும் தெரியும். அந்த ஆட்கள் எவ்வளவு நடந்தாலும் தொடுவானத்தைப் பார்க்கப்போவதில்லை. திட்டு இல்லை, கோஷம் இல்லை, ஒரு பட்டை, அவ்வளவுதான். இதைச் 'சோவியத் எதிர்ப்பு' என்று ஒரு வார்த்தையில் அடைத்தால் படம் போய்விடும்.

சரி, 1974-இல் ஒரு கண்காட்சியைப் புல்டோசர் விட்டுக் கலைத்த கதைக்கு வருவோம். இவர்களைப் பற்றி யார் எழுதினாலும் அது இல்லாமல் முடியாது. ஆனால் அதை 1962-இலிருந்து தொடங்க வேண்டும்.

1962 டிசம்பர் 1 அன்று மாஸ்கோ மானேஷ் கண்காட்சிக் கூடத்துக்கு வந்த சோவியத் தலைவர் குருஷேவ், மாடியில் இருந்த புதுப் பாணி ஓவியங்களைப் பார்த்து வாய்க்கு வந்தபடி திட்டியதையும், சிற்பி எர்ன்ஸ்ட் நெயிஸ்வெஸ்த்னி எதிரே நின்று மல்லுக்கட்டியதையும் பலரும் படித்திருப்பீர்கள். குருஷேவ் 1971-இல் இறந்த பிறகு, குடும்பத்தார் கேட்டுக்கொண்டதன் பேரில் கல்லறைச் சிற்பத்தைச் செய்ததும் அதே நெயிஸ்வெஸ்த்னிதான். கருப்பும் வெள்ளையுமான கற்களுக்கு நடுவில் குருஷேவின் தலை. இன்றும் நவதேவிச்சி கல்லறையில் பார்க்கலாம்.

அந்த 1962-க்குப் பிறகு பொது இடத்தில் காட்டுகிற வழி அடைபட்டது. படங்கள் வீடுகளுக்குள் போயின. அப்படி ஒரு வீடு ஐம்பதுகளின் கடைசியிலிருந்தே இருந்தது. மாஸ்கோவின் வட ஓரத்தில் லியனோசவாவில் ஓவியர் ஆஸ்கர் ராபின் ஒரு மரக் கொட்டடியில் குடியிருந்தார். ரயில்வேயில் சரக்கு இறக்கும் வேலைக்கு மேஸ்திரி. ஞாயிற்றுக்கிழமை யார் வேண்டுமானாலும் வந்து படம் பார்க்கலாம், கவிதை வாசிக்கலாம். அவருடைய மாமனார் எவ்கெனி கிரபிவ்னித்ஸ்கி, மனைவி வலெந்தினா, நெமுகின், மாஸ்டெர்கோவா எல்லாம் அந்தக் கூட்டம். ராபின் வரைந்தது தன்னைச் சுற்றி இருந்ததைத்தான். சாய்ந்த கொட்டடிகள், வோட்கா பாட்டில், செய்தித்தாள் மேல் கிடக்கிற கருவாட்டு மீன். 1972-இல் தன் பாஸ்போர்ட்டையே பெரிதாக வரைந்தார். இந்த இடத்தில் அரசின் கோபம் எனக்குக் கொஞ்சம் புரிகிறது. தொழிலாளியின் வாழ்க்கையை உள்ளபடி வரை என்று மேடையில் முழங்கியவர்கள் அவர்கள். ஒருத்தர் நிஜமாகவே வரைந்துவிட்டார்.

1974 செப்டம்பர் 15, ஞாயிறு. ராபினும், கவிஞரும் ஓவியச் சேகரிப்பாளருமான அலெக்சாந்தர் கிளேசரும் முன்னின்று, மாஸ்கோவின் பெல்யாயெவாவில் ஒரு பொட்டல் வெளியில் திறந்தவெளிக் கண்காட்சி வைத்தார்கள். நகர சபைக்கு முன்கூட்டியே எழுதிக் கொடுத்திருந்தார்கள். சபை சரி என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது என்பதற்காகத்தான் பொட்டல். தூறல். படத்தைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். அங்கே மரம் நட வந்த 'பொதுமக்கள்' என்ற பெயரில் ஒரு கும்பல், அதன் பின்னால் புல்டோசர், லாரி, தண்ணீர் அடிக்கிற வண்டி. ராபின் புல்டோசரின் தகட்டைப் பிடித்துத் தொங்கினார், அது அவரை இழுத்துக்கொண்டே போனது. படங்கள் சக்கரத்துக்குக் கீழே. நியூயார்க் டைம்ஸ் நிருபரின் பல் உடைந்தது. அதுதான் அரசுக்கு வினையாகப் போனது. ஓவியனை அடித்தால் உள்நாட்டுச் செய்தி, நிருபரை அடித்தால் உலகச் செய்தி. இரண்டே வாரத்தில், செப்டம்பர் 29 அன்று, இஸ்மைலவா பூங்காவில் நாலு மணி நேரக் கண்காட்சிக்கு அனுமதி கிடைத்தது. ஆயிரக்கணக்கில் ஜனம். 1975 பிப்ரவரியில் உள்ளரங்கக் கண்காட்சிக்கும் இடம் கொடுத்தார்கள், பொருட்காட்சி வளாகத்தில், தேனீ வளர்ப்புக் கூடத்தில்! அங்கேயும் பனியில் வரிசை நின்றது.

எனக்கு இந்தக் கதையில் ஒரு குறை உண்டு. புல்டோசர் முன்னால் நின்ற அந்த ஒரு மத்தியானம், அதற்கு முன் இருந்த இருபது வருட வேலையை மறைத்துவிட்டது. படம் நசுங்கியதைச் சொல்கிறவர்கள் நசுங்கிய படம் எதைப் பற்றியது என்று சொல்வதில்லை. அங்கே படத்தோடு நின்ற எவ்கெனி ரூகின், பூட்டு, கோணி, பழைய மரத்துண்டு என்று கேன்வாஸில் ஒட்டிச் செய்த படங்கள் அபாரமானவை. 1976-இல் லெனின்கிராடில் அவருடைய ஸ்டூடியோ தீப்பிடித்து இறந்தார். 32 வயது. அந்தத் தீயைப் பற்றிய சந்தேகங்கள் இன்றுவரை ஓயவில்லை. இப்போது அவர் பெயரைத் தேடினால் தீ வருகிறது, புல்டோசர் வருகிறது, படம் கடைசியில் வருகிறது.

தூதரகக் காசு என்கிற குற்றச்சாட்டையும் தாண்டிப்போக நான் விரும்பவில்லை. உண்மைதான், தூதரகத்துக்காரர்களும் நிருபர்களும் வாங்கினார்கள். சூட்கேஸில் அடங்குகிற அளவில் படம் செய்தவர்களும் இருந்தார்கள். நார்ட்டன் டாட்ஜ் என்கிற அமெரிக்கப் பேராசிரியர் சோவியத் டிராக்டர் தொழிலை ஆராய்ந்த பொருளாதார நிபுணர். அவர் சேர்த்த இந்தக் கலைத் தொகுப்பு இன்று நியூ ஜெர்சியில் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தின் சிம்மர்லி அருங்காட்சியகத்தில் 20,000 படைப்புகளுக்கு மேல் இருக்கிறது. ஆனால் உள்ளூர்க் கடை, உள்ளூர்ச் சுவர் இரண்டையும் பூட்டி வைத்துவிட்டு, வெளிநாட்டுக்காரனுக்கு ஏன் விற்றாய் என்று கேட்டால் எப்படி? இதில் பெரிய வேடிக்கை, நாட்டை விட்டுப் போகிற ஓவியர்கள் தாங்கள் வரைந்த படங்களை எடுத்துச் செல்லத் தாங்களே வரி கட்ட வேண்டியிருந்தது. சுவரில் மாட்டும்போது கலை இல்லையாம், சுங்கத்தில் மட்டும் கலையாம்.

ராபின் 1978-இல் பிரான்ஸுக்குப் போனார். சில மாதங்களில் குடியுரிமையைப் பறித்தார்கள். 1990-இல் திருப்பிக் கொடுத்தார்கள். ஆனாலும் பாரிஸிலேயே தங்கிவிட்டார். 2018-இல் 90 வயதில் இறந்தார்.

அரசு தளர்ந்ததும் அந்த இடத்துக்குச் சந்தை வந்தது. 1988 ஜூலை 7 அன்று மாஸ்கோவில் சாத்பீஸ் ஏலம். கிரிஷா புரூஸ்கினின் ஒரு படம் 2,42,000 பவுண்டுக்குப் போனது. அதுவரை ஒரே சமையலறையில் தேநீர் குடித்தவர்களில் சிலர் உலகப் பிரபலம், பலர் அதே சமையலறை. கபகோவ், புலாதோவ், புரூஸ்கின் மூவரும் அடுத்தடுத்து நியூயார்க் போனார்கள். 2008-இல் கபகோவின் 'வண்டு' லண்டனில் 29 லட்சம் பவுண்டுக்கு மேல் போனது. நல்ல ஓவியம்தான், மறுக்கவில்லை. ஆனால் சந்தை முதலில் கொத்திக்கொண்டு போனது, சோவியத் கோஷம், சின்னம், கூட்டுக்குடித்தன வீடு என்று அந்த நாட்டைப் பார்த்தவுடன் அடையாளம் காட்டுகிற படைப்புகளைத்தான். கிராஸ்னோபெவ்த்சேவின் ஜாடிக்கு அப்படி எந்த முத்திரையும் இல்லை. அரசியலாகப் பார்த்து ஒதுக்கியது அரசு, அரசியல் போதவில்லை என்று தாமதித்தது சந்தை.

அதற்குப் பிறகாவது நிம்மதியா என்றால் அதுவும் இல்லை. 2006-இல் மாஸ்கோ அருங்காட்சியகங்கள் காட்ட மறுத்த படைப்புகளைத் திரட்டி, 2007-இல் மாஸ்கோவில், மனித உரிமைக்காக நின்ற விஞ்ஞானி சகாரவ் பெயரில் இருந்த மையத்தில் ஒரு கண்காட்சி நடந்தது. ஒரு பொய்ச் சுவர் எழுப்பி, அதில் போட்ட ஓட்டை வழியாகத்தான் பார்க்க முடியும்படி வைத்திருந்தார்கள். கபகோவின் படைப்பும் அதில் இருந்தது. மதப் பகையைத் தூண்டியதாக வழக்கு. 2010-இல் தீர்ப்பு, கண்காட்சி நடந்தபோது மையத்தின் இயக்குநராக இருந்த சமதூரவுக்கு 2 லட்சம் ரூபிள், தொகுப்பாளர் யெரஃபேயெவுக்கு 1.5 லட்சம் ரூபிள் அபராதம். 2015-இல் மத அடிப்படைவாதிகள் சிலர் ஒரு கண்காட்சிக்குள் புகுந்து வதீம் சிதூரின் படைப்புகளைச் சேதப்படுத்தினார்கள். சிதூர் இரண்டாம் உலகப் போரில் தாடை சிதைந்து உயிர் பிழைத்தவர், பல வருடங்கள் நிலவறை ஸ்டூடியோவில் வேலை செய்த சிற்பி. கண்காட்சி நடந்த இடம் எது என்கிறீர்கள்? குருஷேவ் கத்திய அதே மானேஷ் கூடம்.

2022 மார்ச்சில் பீட்டர்ஸ்பர்க்கில் சாஷா ஸ்கோச்சிலென்கோ என்ற இளம் ஓவியர், சூப்பர் மார்க்கெட் விலைச் சீட்டுகளை எடுத்துவிட்டு உக்ரைன் போர்ச் செய்திகளை எழுதிய சீட்டுகளை வைத்தார். ஏழு வருடத் தண்டனை. 2024 ஆகஸ்டில் கைதிகள் பரிமாற்றத்தில்தான் வெளியே வந்தார். அது நேரடி எதிர்ப்பு, அவரே அப்படித்தான் சொல்வார். ஜாடி வரைந்தவரையும் இவரையும் ஒரே 'எதிர்ப்பாளர்' பட்டியலில் போடுவதில் எனக்கு உடன்பாடு இல்லை. இருவரையும் ஒரே மாதிரி நடத்த வேண்டும் என்று நினைப்பது அதிகாரத்தின் பழக்கம், அதை நாமும் ஏன் கடன் வாங்க வேண்டும்?

மேலே சொன்ன படங்களில் கிடைத்தவற்றை முதல் கமெண்டில் போடுகிறேன். சண்டை போட வருகிறவர்கள் அதில் ஏதாவது ஒரு படத்தைப் பற்றி நாலு வரி எழுதிவிட்டுத் தொடங்குங்கள். 'தொடுவான'த்தை மட்டும் போனில் பார்க்காதீர்கள், அந்தப் பட்டையின் தங்கக் கோடுகள் பெரிய திரையில்தான் சரியாகத் தெரியும்.