ராஜாவுக்கே வீடு தராத பிஷப்

இங்கிலாந்து பிஷப் தாமஸ் கென்னைப் பற்றி எழுதும்போது, 1688-ல் லண்டன் டவர் சிறையில் அடைக்கப்பட்ட ஏழு பிஷப்புகளில் ஒருவர் என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்களே! 1683-ல் இங்கிலாந்து ராஜா இரண்டாம் சார்லஸ் வின்செஸ்டர் நகருக்கு வந்தபோது, ராஜாவின் ஆசைநாயகி நெல் க்வின் தங்க கென்னின் வீட்டைக் கேட்டார்கள். முடியாது என்றுவிட்டார். அடுத்த வருடமே அதே ராஜா இவரை பாத் - வெல்ஸ் மறைமாவட்ட பிஷப்பாகத் தேர்ந்தெடுத்தார் (சார்லஸின் இந்தக் குணத்தையும் சொல்லத்தான் வேண்டும்).

எனக்குப் பெரிதாகப் படுவது 1691. தன்னைச் சிறையில் தள்ளிய இரண்டாம் ஜேம்ஸுக்கு அளித்த சத்தியத்தை மீற மாட்டேன் என்று, ஜேம்ஸுக்குப் பின் அரியணை ஏறிய வில்லியம் - மேரிக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்காமல் பதவியையே இழந்தார். வறட்டுப் பிடிவாதம் என்பார்கள் சிலர், இருக்கட்டும். பிறகு 1711-ல் இறக்கும்வரை, நண்பர் வேமவுத் பிரபுவின் லாங்லீட் மாளிகைதான் அவருக்குப் புகலிடம்.