முதல் சம்பளம் வரும்வரை அடுப்பு எப்படி எரியும்?

போன வருடம் அக்காவின் மகன் பொலிஸ் கான்ஸ்டபிள் பயிற்சிக்குப் போனான். யாழ்ப்பாணம் கோண்டாவிலில் மேசனுக்குக் கையாளாக நின்ற பெடியன். போவதற்கு முதல்நாள் இரவு விறாந்தையில் றங்குப்பெட்டியைத் திறந்து வைத்து, சாமான் பட்டியலை வாசித்து வாசித்து அக்கா அடுக்கினார். வெள்ளைச் சேர்ட், கன்வஸ் சப்பாத்து, படுக்கை விரிப்பு, நுளம்பு வலை, பூட்டு. எல்லாம் சொந்தக் காசு. அக்காவின் தோடு அந்தக் கிழமைதான் ஈட்டுக்குப் போயிருந்தது, காதுத் துளை தூர்ந்துவிடாமல் ஈர்க்குக் குச்சி செருகியிருந்தார்.

"அங்கே சாப்பாடு, படுக்கை இருக்கு, சம்பளமும் குடுக்கினம், பிறகென்ன?" என்று கேட்கிறார்கள். அந்தச் சம்பளம் அவன் ஒருவனுக்கா? சனிக்கிழமை பின்னேரம் கையில் வந்த கூலியில்தான் அந்த வீட்டு அரிசியும் தங்கச்சியின் ரியூசனும் நடந்தது, அவன் பஸ் ஏறிய அன்றே அது நின்றுபோனது. அரச சம்பளமோ மாதக் கடைசியில். மாத நடுவில் சேர்ந்தவன் சம்பளப் பட்டியலில் ஏறப் பிந்தினால் அடுத்த மாதம்தான்.

வேலை கூடாது என்று சொல்லவில்லை. 2016 சம்பளத் திட்டத்தில் கான்ஸ்டபிளின் தொடக்க அடிப்படைச் சம்பளம் 29,540 ரூபாயாக இருந்தது, வாழ்க்கைச் செலவுப் படி 2024 இல் 17,800 ஆனது. அரச சேவையின் ஆகக் குறைந்த அடிப்படைச் சம்பளம் 24,250 இலிருந்து 40,000 ஆகும் என்று 2025 வரவு செலவுத் திட்டத்தில் சொன்னார்கள், அதுவும் கட்டம் கட்டமாக 2027 வரை. சரி, நல்லது. ஆனால் முதல் இரண்டு மாதத்தைத் தாண்ட முடியாதவனுக்கு 2027 எதற்கு?

தமிழ்ப் பெடியள் பொலிஸில் சேரவேண்டும் என்று எல்லோரும் கேட்கிறார்கள், எனக்கும் அதே ஆசைதான். 1987 இல் அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தோடு தமிழும் அரச கரும மொழியானது, ஆனாலும் முறைப்பாடு கொடுக்கப் போகும் ஒரு ஆச்சி தன் பாஷையில் சொல்வதை அப்படியே எழுத ஆள் போதாது. பழைய பயமும் இன்னும் போகவில்லை. பயத்தை மீறி ஒருவன் வருகிறான் என்றால் அவனைக் காசு திருப்பி அனுப்பக் கூடாது.

பொலிஸுக்கு ஆள் எடுப்பவர்களிடம் கேட்கிறேன்: சேர்கிற அன்றே ஒரு முற்பணம் கொடுங்கள், பிறகு சம்பளத்தில் கொஞ்சம் கொஞ்சமாகக் கழியுங்கள். பட்டியலில் உள்ள சாமானை நீங்களே கொடுங்கள். பயிற்சியில் கால் முறிந்தாலும் சம்பளம் நிற்காது என்பதை எழுத்தில் தாருங்கள். ஆட்சேர்ப்பு அறிவித்தலிலேயே, முதல் காசு எந்தத் திகதி எவ்வளவு கைக்கு வரும் என்று ஒரு வரி தமிழில் போடுங்கள். தோட்டை ஈடு வைப்பதா வேண்டாமா என்று அதைப் பார்த்து அந்த அம்மா முடிவெடுக்கட்டும்.