"என்பிஏவில் இடம் கிடைக்காதவர்தானே, மாமா?"

அக்கா மகன் கல்லூரி அணியில் கூடைப்பந்து ஆடுகிறான். விடுமுறைக்கு வந்திருந்தபோது ஒரு நாள், நள்ளிரவு தாண்டி நான் மடிக்கணினியில், ஐரோப்பாவின் பெரிய கிளப்புகள் மோதும் யூரோலீக் ஆட்டம் பார்த்துக்கொண்டிருந்தேன். தண்ணீர் குடிக்க எழுந்தவன் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். மொனாக்கோ அணியின் பாயிண்ட் கார்டு, அதாவது பந்தைக் கொண்டுவந்து ஆட்டத்தை வழிநடத்துபவர், மைக் ஜேம்ஸ் பந்தைத் தட்டிக்கொண்டு நிதானமாக, ஏதோ கடைக்குப் போகிறவர் மாதிரி, நடுக்கோட்டைக் கடந்தார். அணியின் உயரமான ஆள் மேலே வந்து தடுப்பாட்டக்காரருக்குக் குறுக்கே நின்றார். ஜேம்ஸ் பந்தை ஒரு கணம் கைக்கடியில் மிதக்க விட்டார். தடுப்பவர் பாதி எம்பினார். அவ்வளவுதான், பந்து வலைக்குள். பையன் நிமிர்ந்து உட்கார்ந்து, யார் இவர் என்று கேட்டான். சொன்னேன். "அமெரிக்கரா? என்பிஏவில் இடம் கிடைக்காதவர்தானே, மாமா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் தூங்கப் போய்விட்டான்.

அவன் சொன்னதில் பொய் இல்லை. எனக்கு எரிச்சல் வந்ததே அதனால்தான். அமெரிக்காவின் என்பிஏ லீக் அணிகள் ஆண்டுதோறும் புது ஆட்டக்காரர்களை எடுக்கும் தேர்வில், 2012ஆம் ஆண்டு மைக் ஜேம்ஸை எந்த அணியும் எடுக்கவில்லை. பின்னாளில் மூன்று என்பிஏ அணிகளின் சட்டையைப் போட்டார். மூன்றையும் கூட்டினால் ஏறக்குறைய ஐம்பது ஆட்டங்கள். அதே ஆள்தான் 2000இல் தொடங்கிய இன்றைய யூரோலீக்கில் மிக அதிகப் புள்ளிகள் எடுத்தவர், ஐயாயிரத்தைத் தாண்டிய முதல் ஆட்டக்காரர், 2024ஆம் ஆண்டின் மிகச் சிறந்த வீரர். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பவர்கள் "முதல் வகுப்பில் தோற்றார், இரண்டாம் வகுப்பில் முதலிடம் வாங்கினார்" என்று கணக்கை முடித்துவிடுகிறார்கள். எனக்கு அந்தக் கணக்கில்தான் உடன்பாடில்லை.

என்பிஏ பெரிய லீக், உலகத்தின் தலைசிறந்த ஆட்டக்காரர்கள் அங்கேதான் இருக்கிறார்கள். இதில் யாருடனும் எனக்குச் சண்டை கிடையாது. ஆனால் ஒரு மனிதரின் தொழிலை அவர் வேலை பார்க்காத இடத்தை வைத்து அளக்கும் பழக்கம் நமக்கு எங்கிருந்து வந்தது?

ஜேம்ஸ் ஒரிகான் மாநிலத்தின் போர்ட்லாண்டில் பிறந்தவர். உயரம் ஆறடி ஒரு அங்குலம். நம் ஊர்க் கல்யாண வீட்டில் நின்றால் அண்ணாந்து பார்ப்பார்கள், என்பிஏவில் குட்டை. பெரிய பல்கலைக்கழகங்களின் வழியாக வந்தவரும் அல்லர். முதலில் ஈஸ்டர்ன் அரிசோனா என்ற இரண்டாண்டுக் கல்லூரி, பிறகு டெக்சாஸில் லமார் பல்கலைக்கழகம். அவருடைய கடைசி ஆண்டில்தான், 2012 பிப்ரவரியில், லமார் பயிற்சியாளர் பாட் நைட் செய்தியாளர்கள் முன் உட்கார்ந்துகொண்டு தன் அணியின் மூத்த மாணவர்களைக் கிழித்துத் தொங்கவிட்டார். தான் பழகியவர்களிலேயே மோசமான கூட்டம் இதுதான் என்கிற அளவுக்குப் போனார். அந்தக் காணொளி நாடு முழுக்கச் சுற்றியது. திட்டு வாங்கிய அதே அணி அதன் பிறகு வரிசையாக வென்று, தன் பகுதிக் கல்லூரிகளின் சவுத்லேண்ட் தொடரையும் கைப்பற்றி, தேசியக் கல்லூரிப் போட்டிக்குப் போனது தனிக் கதை. சில மாதங்களில் என்பிஏ தேர்வு. பெயர் வரவில்லை.

அதன் பிறகு அவர் போன ஊர்களில் எனக்குப் பிடித்தது ஓமெக்னா. முதலில் குரோவேஷியாவின் ஜாக்ரெப்பில் கொஞ்ச காலம் ஆடினார். பிறகு வந்து சேர்ந்த இடங்களில் ஒன்று, வட இத்தாலியில் ஓர்த்தா ஏரிக்கரையில் இருக்கும் இந்தச் சிற்றூர். இத்தாலியர்கள் அடுப்பில் வைத்துக் காப்பி போடுகிறார்களே, எட்டுப் பட்டை வைத்த அலுமினியப் பாத்திரம், அந்த மோக்கா பிறந்த ஊர். பாத்திரத் தொழிலுக்குப் பேர்போன அந்த ஊரின் அணி ஆடியது இத்தாலியின் கீழ்நிலை லீக் ஒன்றில். போர்ட்லாண்டுக்காரர் ஒருவர் அங்கே வேலை பார்த்தார். அடுத்தது கிரீஸின் ரோட்ஸ் தீவு. கடலைப் பார்த்து நின்றதாகச் சொல்லப்படும் பழைய பேருருவச் சிலையின் பெயரைத் தாங்கிய கொலோசோஸ் அணி. 2014ஆம் ஆண்டு அந்தப் பருவத்தின் நடுவிலேயே ஸ்பெயினின் பாஸ்கோனியா அவரைக் கூப்பிட்டது. அங்கிருந்துதான் யூரோலீக் கதை தொடங்குகிறது.

இந்த ஊர்ப்பட்டியலை அடுக்குவதற்குக் காரணம் இருக்கிறது. தூரத்திலிருந்து எறிவதையே தொழிலாகக் கொண்ட ஆட்டக்காரர் எந்த ஊருக்குப் போனாலும் கூடையின் உயரம் பத்தடிதான். அவர் கையும் அதே கைதான். பாயிண்ட் கார்டின் நிலைமை வேறு. கட்டட வேலையில் மேஸ்திரி மாதிரி அவர். ஆட்கள் மாறினால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். புது அணியின் உயரமான ஆளுக்குப் பந்தை எந்த உயரத்தில் கொடுத்தால் பிடிப்பார், மூலையில் நிற்பவர் எந்தத் தோள் பக்கம் வந்தால் தயங்காமல் எறிவார், பயிற்சியாளர் விரலைக் காட்டினால் என்ன, முட்டியைக் காட்டினால் என்ன, எல்லாமே புதிது. செர்பியப் பயிற்சியாளர் ஒரு விதமாகவும் கிரேக்கர் இன்னொரு விதமாகவும் ஆட்டத்தை வகுப்பார். ஆண்டுக்கொரு அணி என்றால் ஆண்டுக்கொரு பாடத்திட்டம். ஆகஸ்டில் வந்து இறங்கி, அக்டோபரில் ஒன்பது பத்துப் பேரை வழிநடத்த வேண்டும்.

ஆட்டமும் அப்படியே அதே ஆட்டம் அல்ல. என்பிஏவில் 48 நிமிடம், இங்கே 40. மூன்று புள்ளிக் கோடு அங்கே 7.24 மீட்டர், இங்கே 6.75. கூடைக்கு அடியில் தடுப்பாட்டக்காரர் மூன்று நொடிக்கு மேல் சும்மா நின்றால் என்பிஏவில் குற்றம். ஐரோப்பாவில் அந்த விதியே கிடையாது. உயரமான ஆள் ஒருவர் கூடைக்கு அடியில் வாசற்காவலர் மாதிரி நின்றுகொண்டே இருக்கலாம். அமெரிக்காவில் திறந்து கிடந்த பாதை இங்கே அடைத்துக் கிடக்கும். ஆறடி ஒரு அங்குலக்காரர் அந்தச் சந்துக்குள் புகுந்து இத்தனை ஆண்டுகளாகப் புள்ளி எடுத்திருக்கிறார் என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

வேலை நிபந்தனைகளைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், நம் ஆட்களுக்கு இது தெரிவதில்லை. ஐரோப்பாவில் சம்பளத்தைப் பெரும்பாலும் வரி போகக் கைக்கு வரும் தொகையாகவே பேசுவார்கள். வரி கிளப்பின் பொறுப்பு. வீடும் காரும் அவர்களே கொடுப்பது வழக்கம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஒப்பந்தம் பல நேரங்களில் ஓராண்டுக்குத்தான். பல நாட்டு லீக்குகளில் வெளிநாட்டவருக்கு எண்ணிக்கை வரம்பு உண்டு. ஆகவே நான்கு ஆட்டம் தொடர்ந்து தோற்றால் முதலில் பெட்டி கட்டுபவர் அமெரிக்கராகத்தான் இருப்பார். சம்பள பாக்கி ஒரு பெரிய கதை. ஆட்டக்காரர்களுக்கும் கிளப்புகளுக்கும் இடையிலான ஒப்பந்தத் தகராறுகளுக்கென்றே சுவிட்சர்லாந்தில் கூடைப்பந்து நடுவர் மன்றம் ஒன்று இயங்குகிறது. எந்த நாட்டுச் சட்டப் புத்தகத்தையும் புரட்டாமல், எது நியாயமோ அதை வைத்துத் தீர்ப்புச் சொல்வது அதன் வழக்கம். ஒரு விளையாட்டுக்கு இப்படித் தனி மன்றம் தேவைப்படுகிறது என்றால் வழக்குகளுக்குப் பஞ்சமில்லை என்றுதானே பொருள்?

விசித்திரங்களும் உண்டு. 2017இல் ஜேம்ஸ் ஏதென்ஸின் பனாதிநாயகோஸ் அணியில் இருந்தார். யூரோலீக் காலிறுதித் தொடரில் இஸ்தான்புல்லின் ஃபெனர்பாசேயிடம் அந்த அணி ஓர் ஆட்டம்கூட வெல்லாமல் மண்ணைக் கவ்வியது. கோபம் தலைக்கேறிய உரிமையாளர், விமானம் கிடையாது, எல்லோரும் பஸ்ஸில் வாருங்கள் என்று உத்தரவு போட்டார். இஸ்தான்புல்லிலிருந்து ஏதென்ஸுக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல். ஏழடி மனிதர்கள் பஸ் சீட்டில் காலை எங்கே வைப்பார்கள் என்று நான் இன்றும் யோசிக்கிறேன்.

அந்தக் கோடையில்தான் என்பிஏ கதவு திறந்தது. ஃபீனிக்ஸ் சன்ஸ் அவருக்குக் கொடுத்தது அந்த ஆண்டு புதிதாக வந்த 'டூ-வே' ஒப்பந்தம். பாதி என்பிஏ, பாதி அதன் துணை லீக். பெரிய அணியோடு இருக்க அப்போது 45 நாள் வரம்பு. 27 வயதில், ஐரோப்பாவின் பெரிய மேடைகளில் ஆடிவிட்டு வந்தவருக்குப் பயிற்சிப் பணியாளர் சீட்டு. பருவம் தொடங்கிய சில நாட்களில் அணியின் முதல் பாயிண்ட் கார்டு எரிக் பிளெட்சோ, தனக்கு இங்கே இருக்கப் பிடிக்கவில்லை என்று ட்விட்டரில் எழுதிவிட்டு ஓரம்கட்டப்பட்டார். ஜேம்ஸ் தொடக்க ஐவரில் வந்து நின்றார். சராசரியாகப் பத்துப் புள்ளிக்கு மேல் எடுத்தார். 45 நாள் தீர்ந்தது. டிசம்பரில் முறையான ஒப்பந்தம் கொடுத்தார்கள். டூ-வேயிலிருந்து அப்படி உயர்த்தப்பட்ட முதல் ஆள் அவர்தான். அதே டிசம்பரில் வெளியேயும் அனுப்பினார்கள். நியூ ஆர்லியன்ஸில் நான்கு ஆட்டம், மறுபடியும் ஏதென்ஸ்.

இதைத் தோல்வி என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. பந்து கையில் இருந்தால்தான் ஜேம்ஸ் ஜேம்ஸ். என்பிஏ அணிகளில் பந்து வேறொருவர் கையில் இருக்கும். இவர் மாதிரி ஆட்கள் மூலையில் நின்று, எப்போதாவது வரும் பந்தை எறிந்துவிட்டு, பத்து நிமிடத்தில் பெஞ்சுக்குத் திரும்ப வேண்டும். அந்த வேலைக்கு அவரைவிடப் பொருத்தமானவர்கள் நூறு பேர் இருக்கலாம். கடைசி ஒரு நிமிடத்தில் பந்தைக் கையில் வாங்கி ஓர் அரங்கத்தையே வாயடைக்கச் செய்யும் வேலைக்கு எத்தனை பேர் இருக்கிறார்கள்? இரண்டும் ஒரே ஏணியின் மேல்படி, கீழ்ப்படி அல்ல.

2018-19 பருவத்தில் மிலான் அணிக்காக ஆடி, யூரோலீக்கில் அதிகப் புள்ளிச் சராசரி எடுத்தவருக்கான அல்ஃபோன்சோ ஃபோர்டு கோப்பையை வாங்கினார். இந்தப் பெயரை எந்த விளம்பர நிறுவனமும் வைக்கவில்லை. ஃபோர்டும் என்பிஏவில் சொற்ப ஆட்டங்களே ஆடிவிட்டு ஐரோப்பாவுக்கு வந்த அமெரிக்க கார்டு. 1997இல் ரத்தப் புற்றுநோய் என்று தெரிந்த பிறகும் கிரீஸிலும் இத்தாலியிலும் ஆண்டுக்கணக்காக ஆடிப் புள்ளிகளைக் குவித்தார். இனி ஆட முடியாது என்று 2004 ஆகஸ்டு கடைசியில் அறிவித்தார். செப்டம்பர் முதல் வாரத்தில் இறந்துபோனார். நம்மில் எத்தனை பேருக்கு அவரைத் தெரியும்? ஐரோப்பாவில் ஆண்டுதோறும் அந்தப் பெயரைச் சொல்லிக் கோப்பை கொடுக்கிறார்கள்.

ஜேம்ஸுக்கு வக்காலத்து வாங்குகிறேன் என்பதற்காக அவரைப் பத்தரை மாற்றுத் தங்கம் என்று சொல்லப் போவதில்லை. மனிதர் முரண்டு பிடிப்பவர். மிலானில் எத்தோரே மெசினா பயிற்சியாளராக வந்ததும், இவர் தன் திட்டத்தில் இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார், அதுவும் அந்தக் கோப்பையை வாங்கிய கையோடு. மாஸ்கோவின் சிஎஸ்கேஏவில் பயிற்சியாளர் இத்தூதிஸுடன் மோதி, இடைநீக்கம் வரை போனது. அங்கிருந்து 2021 வசந்தத்தில் புரூக்ளின் நெட்ஸ். கெவின் டுராண்ட், ஹார்டன், இர்விங் என்று நட்சத்திரங்கள் இருந்த அணியில் அவருக்குக் கிடைத்தது ஓரத்து இருக்கை, அதில் வியப்பில்லை. சில நேரங்களில் ஆட்டத்தில் எனக்கும் அவர் மேல் கோபம் வரும். மூன்று பேர் ஆளில்லாமல் நிற்க, பின்வாங்கித் தானே எறிவார். போகாது. அடுத்த முறையும் அதையே செய்வார். அது போகும்! இவரை வைத்துக்கொண்டு பயிற்சியாளர்கள் எப்படித் தூங்குகிறார்கள் என்று தெரியவில்லை.

2021இல் மொனாக்கோ. நாடு தனி, ஆடுவது பிரெஞ்சு லீக்கில். அரங்கம், கால்பந்து மைதானத்தின் அடிவயிற்றில் இருக்கும் சின்னக் கூடம். ஏதென்ஸிலும் பெல்கிரேடிலும் ஆடும் அரங்கங்களோடு ஒப்பிட்டால் சமுதாயக் கூடம் என்றே சொல்லலாம். அந்தக் கிளப்புக்கு யூரோலீக் அப்போதுதான் முதல் அனுபவம். ஊர் ஊராகச் சுற்றிய ஆள் இங்கே நிலைத்தார். பிரெஞ்சுப் பட்டங்கள் வந்தன. 2024இல் யூரோலீக்கின் மொத்தப் புள்ளிச் சாதனையும் அவர் வசமானது, அதுவரை வசிலிஸ் ஸ்பனூலிஸ் வைத்திருந்த 4,455ஐத் தாண்டி.

ஸ்பனூலிஸ் கிரேக்கர். அவரும் ஒரு பருவம் ஹியூஸ்டன் ராக்கெட்ஸில் இருந்துவிட்டு, பெஞ்சில் உட்கார்ந்து அலுத்துப்போய் ஊர் திரும்பியவர்தான். கிரீஸில் யாராவது அவரை "என்பிஏவில் இடம் கிடைக்காதவர்" என்று அறிமுகப்படுத்துவார்களா? உதைதான் விழும்.

2024 நவம்பரில் அந்த ஸ்பனூலிஸையே மொனாக்கோ பயிற்சியாளராகக் கொண்டுவந்தது. சாதனையை இழந்தவர் ஓரத்தில் நின்று கத்த, பறித்தவர் களத்தில் பந்தைத் தட்டிக்கொண்டு வருவார். 2025 மே மாதம் அபுதாபியில் நடந்த யூரோலீக் அரையிறுதியில் கிரீஸின் ஒலிம்பியாகோஸை வென்றார்கள். ஸ்பனூலிஸ் ஆட்டக்காரராகப் பல்லாண்டு கொடிகட்டிப் பறந்த அணி அது. இறுதியில் ஃபெனர்பாசே 81-70 என்று வென்றது. ஸ்பனூலிஸிடம் ஆட்டக்காரராக வாங்கிய யூரோலீக் பட்டங்கள் மூன்று. ஜேம்ஸுக்கு அன்று கைக்கெட்டிய முதல் பட்டம் வாய்க்கு எட்டவில்லை.

மைக் ஜேம்ஸைக் குறை சொல்ல வேண்டுமா? இதைச் சொல்லுங்கள். இத்தனை புள்ளி எடுத்தார், அன்று அபுதாபியிலிருந்து வெறுங்கையோடுதானே திரும்பினார் என்று கேளுங்கள். அதற்கு என்னிடம் பதில் இல்லை.